எதில் இருபது சதவீதம்?

கேள்வி: என் மகள் எட்டாம் வகுப்பு படிக்கிறாள். தமிழ் வழி, மாநிலப் பாடத்திட்டம். போன வருடம் வரை கணக்கில் 75-க்குக் குறையாமல் வாங்கியவள் இந்தக் காலாண்டில் 41. சதவீதமும் இயற்கணிதமும்தான் காலை வாரிவிட்டன. டியூஷனில் லாபம், நட்டம், தள்ளுபடி, வட்டி என்று எல்லாவற்றுக்கும் சூத்திரம் எழுதிக் கொடுத்து மனப்பாடம் செய்யச் சொல்கிறார்கள். வீட்டில் கடகடவென்று ஒப்பிக்கிறாள். பரீட்சையில் எந்தக் கணக்குக்கு எந்தச் சூத்திரம் என்று தெரியாமல் முழிக்கிறாள். விடைத்தாளில் தப்பாகப் போட்ட மூன்று கணக்குகளை அனுப்பியிருக்கிறேன். நான் பிளஸ் டூவில் வணிகவியல் படித்தவள்; பனியன் கம்பெனியில் பில் போடுகிறேன். அரையாண்டுக்குள் வீட்டில் என்னால் என்ன செய்ய முடியும்? — வாசகி, திருப்பூர்

பதில்: அன்புள்ள வாசகிக்கு,

நல்லவேளை, மதிப்பெண்ணை மட்டும் எழுதாமல் தப்பான கணக்குகளையே அனுப்பினீர்கள். 41 என்ற எண்ணிலிருந்து எதுவும் தெரியாது. அந்த மூன்று கணக்குகளில் எல்லாம் தெரிகிறது.

முதல் கணக்கு: 20% தள்ளுபடி போக ஒரு சேலையின் விலை ரூ.960, குறித்த விலை என்ன? உங்கள் மகள் 960-இல் 20% எடுத்து (192), அதைக் கூட்டி 1152 என்று எழுதியிருக்கிறாள். பெருக்கல் சரி, கூட்டல் சரி, விடை தப்பு. கடைக்காரர் அந்த 20 சதவீதத்தைக் குறித்த விலையில் கழித்தார், இவளோ விற்ற விலையில் கூட்டினாள். சதவீதப் பாடத்தில் பிள்ளைகள் செய்யும் தவறுகளில் பெரும்பகுதி இந்த ஒன்றுதான், வேறு வேறு உடையில் வரும். லாப சதவீதத்தை விற்ற விலையில் கணக்கிடுவது, 20% ஏறி 20% இறங்கினால் பழைய விலையே வரும் என்று நினைப்பது (500 என்பது 600 ஆகி, 480-க்குத்தான் இறங்கும்), வரி சேர்ந்த தொகையிலேயே வரிச் சதவீதத்தை எடுத்துக் கழிப்பது எல்லாம் ஒரே வியாதி. அதனால் வீட்டில் நீங்கள் கேட்க வேண்டிய கேள்வியும் ஒன்றே: “எதில் இருபது சதவீதம்?” விடை சொல்லும் முன் அவள் அதைப் பென்சிலால் எழுத வேண்டும்: “குறித்த விலையில் 20%”. வெறும் “20%” என்று நோட்டில் எங்கும் வரக் கூடாது. இரண்டு வாரத்துக்கு இது கட்டாயம்.

அடுத்து, சூத்திரத்தைத் தொடாமல் இதே கணக்கைப் படமாகப் போடச் சொல்லுங்கள். ஸ்கேலை வைத்து 12 செ.மீ. கோடு ஒன்று வரையட்டும். 1 செ.மீ. என்பது 10%. கோட்டுக்குக் கீழே 0, 10, 20 என்று 120 வரை சதவீதம், மேலே ரூபாய். 100%-க்கு நேரே “குறித்த விலை = ?” என்று எழுதட்டும். 20% போனால் மிச்சம் 80%. ஆகவே 960 என்பது 8 செ.மீ. புள்ளிக்கு மேலே உட்கார வேண்டும். எட்டு செ.மீ.க்கு 960 என்றால் ஒரு செ.மீ.க்கு 120, பத்துக்கு 1200. முடிந்தது. கோடு 100-ஐத் தாண்டி 120 வரை போவதற்குக் காரணம் உண்டு. லாபமும் வரியும் நூறுக்கு அப்பால் போகிறவை. நூறோடு கோட்டை முடித்துப் பழகிய பிள்ளைக்கு 118% என்ற ஒன்று இருக்க முடியும் என்பதே உறைக்காது.

இந்தக் கோட்டை 15 அல்லது 20 கணக்குகளுக்கு வரைந்த பிறகு, பெருக்கும் எண்ணுக்குப் போகலாம். 20% குறைந்தால் 0.80-ஆல் பெருக்க வேண்டும். 18% கூடினால் 1.18-ஆல். 5% கூடினால் 1.05-ஆல், இங்கே 1.5 என்று எழுதும் பிள்ளைகள் ஏராளம், கவனியுங்கள். 12.5% குறைந்தால் 0.875. இது கைக்கு வந்துவிட்டால் டியூஷன் பட்டியலில் முக்கால்வாசி கழன்று விழுந்துவிடும். விற்ற விலைக்கு ஒன்று, அடக்க விலைக்கு ஒன்று, லாபத்துக்கு ஒன்று, நட்டத்துக்கு ஒன்று என்று நாலு சூத்திரம் வேண்டாம். “பழையது × பெருக்கும் எண் = புதியது” என்ற ஒரே வரி போதும். புதியது தெரியாவிட்டால் பெருக்கு, பழையது தெரியாவிட்டால் வகு. எவ்வளவு சதவீதம் மாறியது என்பது தெரியாவிட்டால் புதியதைப் பழையதால் வகுத்து 1-ஐக் கழி. 400-க்கு வாங்கி 500-க்கு விற்றால் 500 ÷ 400 = 1.25, ஆக லாபம் 25%. கூட்டு வட்டியும் இதுதான். ரூ.10,000 அசல், ஆண்டுக்கு 10%, இரண்டு ஆண்டு என்றால் 10,000 × 1.1 × 1.1 = 12,100. புத்தகத்தில் அடைப்புக்குறியும் அடுக்குமாக மிரட்டுகிற சூத்திரம் இந்தப் பெருக்கலைச் சுருக்கி எழுதியதுதான். ஆடி மாதக் கடை விளம்பரத்தில் “50% + 20%” என்று போட்டிருந்தால் அவளையே கேளுங்கள். 0.5 × 0.8 = 0.4. தள்ளுபடி 60%, 70 அல்ல.

நீங்கள் பில் போடுகிறவர் என்பது இந்த வீட்டுக்குக் கிடைத்த பெரிய வசதி. வரி சேர்த்து ரூ.1180 வந்த பில்லில் 18% ஜிஎஸ்டி எவ்வளவு என்று கேளுங்கள். 1180-இல் 18% எடுத்து 212.40 என்பாள். வரிக்கு முந்தைய விலை 1180 ÷ 1.18 = 1000 என்பதும் வரி 180 என்பதும் உங்களுக்குத் தெரியும். கோட்டில் 1180 உட்கார வேண்டிய இடம் 11.8 செ.மீ. இன்னொரு பொறியும் பில்லிலேயே இருக்கிறது. சிஜிஎஸ்டி (மத்திய அரசின் பங்கு) 9%, எஸ்ஜிஎஸ்டி (மாநில அரசின் பங்கு) 9% என்று பிரிந்திருந்தால் சில பிள்ளைகள் முதல் 9%-ஐக் கூட்டி 1090 ஆக்கிவிட்டு, அதில் அடுத்த 9% எடுத்து 98.10 என்பார்கள். இரண்டும் ஒரே 1000-இல்தான். 2025 செப்டம்பர் 22 முதல் பெரும்பாலான பொருள்களுக்கு 5, 18 என்ற இரண்டு வீதங்களே என்றாலும், புத்தகத்தில் 12, 28 என்று இருக்கும் கணக்குகளை விட்டுவிட வேண்டாம். பயிற்சிக்கு எந்த வீதமும் ஒன்றுதான்.

மனக்கணக்கும் கூடவே வரட்டும். 35% என்றதும் காகிதம் தேடக் கூடாது. 240-இல் 10% என்பது 24, 30% என்பது 72, 5% என்பது 12, ஆக 84. 18-இல் 50 சதவீதமும் 50-இல் 18 சதவீதமும் ஒன்றே (9) என்று காட்டினால் பிள்ளைகளுக்குக் குஷி. இது தேர்வுக்கு என்று சொல்ல மாட்டேன். ஆனால் சதவீதம் ஒரு பெருக்கல் என்பது இதில்தான் மனதில் ஊறும்.

சரி, இயற்கணிதம். அதைத் தனி வியாதியாக நினைக்காதீர்கள். சேலைக் கணக்கில் தெரியாத குறித்த விலைக்கு ஓர் எழுத்து வைத்தால் 0.8க = 960. அவ்வளவுதான், சமன்பாடு வந்துவிட்டது. (புத்தகத்தில் எக்ஸ் வரும் இடங்களில் நான் ‘க’ போட்டிருக்கிறேன். நீங்களும் வீட்டில் ஒரு நாள் எழுத்தை மாற்றிப் பாருங்கள். எழுத்து மாறியதும் “இது வேற கணக்கு” என்று பிள்ளை தயங்கினால், ‘மாறி’ (தெரியாத எண்ணுக்குப் பதிலாக நிற்கும் எழுத்து) என்பது என்னவென்று இன்னும் பிடிபடவில்லை என்று பொருள்.)

இரண்டாவது கணக்கு 5க − 3 = 2க + 12. அவள் 3க = 15 வரை அழகாக வந்துவிட்டு, கடைசி வரியில் க = 15 − 3 = 12 என்கிறாள். “அந்தப் பக்கம் போனால் குறி மாறும்” என்று சொல்லிக் கொடுத்த வினை இது. அந்த வாசகம் கூட்டலுக்கும் கழித்தலுக்கும் மட்டுமே பொருந்தும். 3க என்பதில் 3 பெருக்கிக்கொண்டு நிற்கிறது. அதை விடுவிக்க வகுக்கத்தான் வேண்டும். இதே வாசகம் இன்னோர் இடத்திலும் கெடுக்கும். −3க = 12 என்றால் குறியை மாற்றி 12 ÷ 3 = 4 என்று எழுதுவார்கள். −3-ஆல்தான் வகுக்க வேண்டும், விடை −4.

மாற்று வழி பழையதுதான்: தராசு. இரண்டு தட்டிலும் ஒரே காரியத்தைச் செய்தால் முள் அசையாது. வாயால் சொன்னால் போதாது, எழுதும் முறையில் வர வேண்டும். ஒவ்வொரு வரியின் வலது ஓரத்திலும் அடுத்துச் செய்யப் போவதைச் சிவப்புப் பேனாவில் எழுதட்டும்:

5க − 3 = 2க + 12 … இரு பக்கமும் 2க கழி
3க − 3 = 12 … இரு பக்கமும் 3 கூட்டு
3க = 15 … இரு பக்கமும் 3-ஆல் வகு
க = 5
சரிபார்ப்பு: இடது 25 − 3 = 22; வலது 10 + 12 = 22.

சரிபார்ப்பு வரி இல்லாத கணக்கை வீட்டில் ஏற்காதீர்கள். 12 என்று விடை வந்தபோது போட்டுப் பார்த்திருந்தால் 57-ம் 36-ம் வந்து அவளுக்கே பிழை தெரிந்திருக்கும். இப்படி 30, 40 கணக்கு போட்ட பிறகு ஓரக் குறிப்பு தானாக உதிர்ந்துவிடும். அப்போது குறி மாற்றும் குறுக்குவழி ஆபத்தில்லை.

அடைப்புக்குறியில் இரண்டு பொறிகள். 3(க − 4)-ஐ 3க − 4 என்று பாதியில் விடுவது ஒன்று. 10 − 2(க − 3)-ஐ 10 − 2க − 6 என்று எழுதுவது மற்றொன்று. சரியானது 10 − 2க + 6. சந்தேகம் வந்தால் க-வுக்கு 5 போட்டு இரண்டையும் பார்க்கச் சொல்லுங்கள். மூலக் கோவை 10 − 4 = 6; அவள் எழுதியது −6. சோதித்துப் பார்க்க 0, 1, 2 வேண்டாம். 2 போட்டால் க²-ம் 2க-வும் இரண்டும் 4 ஆகி, தப்பையும் சரி என்று காட்டிவிடும். 5 அல்லது 7 நம்பகமானது.

மூன்றாவது கணக்குதான் எனக்கு மிகவும் பிடித்தது. தந்தையின் வயது மகளின் வயதின் மூன்று மடங்கை விட 4 அதிகம். இருவர் வயதின் கூடுதல் 52. உங்கள் மகள் தந்தைக்கு க, மகளுக்கு 3க + 4 வைத்து, சமன்பாட்டைச் சரியாகத் தீர்த்து, தந்தைக்கு 12, மகளுக்கு 40 என்று எழுதி, அடிக்கோடும் போட்டிருக்கிறாள்! திட்டாதீர்கள். வாக்கியத்தில் முதலில் வந்தவருக்கு முதலில் க கொடுத்துவிட்டாள், அவ்வளவுதான். இந்தத் தலைகீழ்ப் பிழை பெரியவர்களையும் விடுவதில்லை. 1980 வாக்கில் அமெரிக்காவில் பொறியியல் மாணவர்களிடம் “பேராசிரியர்களைப் போல் ஆறு மடங்கு மாணவர்கள்” என்பதைச் சமன்பாடாக எழுதச் சொன்னபோது மூன்றில் ஒருவருக்கு மேல் தப்பாக எழுதினார்கள், பெரும்பாலும் தலைகீழாக. மாணவர் ம, பேராசிரியர் பே என்றால் ம = 6பே. அவர்கள் எழுதியது 6ம = பே. எழுத்து எண்ணிக்கையைக் குறிக்கிறது, ஆளையோ பொருளையோ குறிக்கவில்லை என்பது நழுவிப் போகிற இடம் இது.

வாக்கியக் கணக்குக்கு நான் சொல்வது, உருபைப் பார். “-ஐ விட”, “-ஐப் போல்” எந்தச் சொல்லோடு ஒட்டியிருக்கிறதோ அவருக்குத்தான் க. மகளின் வயதின் மூன்று மடங்கை விட என்றால் மகள்தான் அளவுகோல், அவளுக்கு க. தந்தைக்கு 3க + 4. பிறகு 4க + 4 = 52, க = 12, தந்தை 40. கழித்தலில் “-இலிருந்து” என்பதைத் தேட வேண்டும். “7-ஐ ஓர் எண்ணின் மூன்று மடங்கிலிருந்து கழித்தால் 20” என்றால், 7 முதலில் வந்தாலும் 3க − 7 = 20. முதல் கட்டத்தில் விடையே வேண்டாம். ஒரு நாளைக்கு ஐந்து வாக்கியங்களைக் கொடுத்து, எதற்கு க, மற்றது என்ன, சமன்பாடு என்ன என்று மூன்று வரி மட்டும் எழுதச் சொல்லி நிறுத்திவிடுங்கள். தீர்க்கும் வேலை இல்லை என்றதும் பிள்ளைகள் வாக்கியத்தை நிதானமாகப் படிக்கிறார்கள்.

இதெல்லாம் தொடங்கும் முன் ஒரு சின்னச் சோதனை வையுங்கள். 20 நிமிடம், எட்டுக் கேள்வி, டியூஷன் நோட்டு இல்லாமல்:

3/5 எத்தனை சதவீதம்? 240-இல் 1/8 எவ்வளவு? 7.2 ÷ 0.8? −4 − 9? (−3) × (−6)? 8 + 5 = □ + 6 என்றால் கட்டத்தில் என்ன? க = 4 என்றால் 3க எவ்வளவு? 2அ + 3ஆ-வைச் சுருக்க முடியுமா?

முதல் மூன்றில் தடுமாறினால் கோளாறு பின்னத்திலும் தசமத்திலும் இருக்கிறது, 7.2 ÷ 0.8-க்கு 0.9 என்று எழுதுகிற பிள்ளைக்குப் பெருக்கும் எண் முறை இப்போதைக்கு உதவாது, கோட்டுப் படத்திலேயே வைத்திருங்கள். அடுத்த இரண்டு முழுக்கள். −4 − 9-க்கு 13 அல்லது −5 வந்தால் சமன்பாட்டில் எவ்வளவு பயிற்சி கொடுத்தாலும் கடைசி வரியில் கோட்டைவிடுவாள். ஆறாவது கேள்விதான் முக்கியம். 13 என்று எழுதினால், “=” என்பதை “விடை இங்கே எழுது” என்ற கட்டளையாகப் படிக்கிறாள்; இரு பக்கமும் சமம் என்பது புரியவில்லை. சரியான விடை 7. ஏழாவதுக்கு 34 என்று வந்தாலோ, எட்டாவதுக்கு 5அஆ என்று வந்தாலோ ஏழாம் வகுப்பு இயற்கணிதத்துக்குத் திரும்ப வேண்டியதுதான். வெட்கப்பட ஒன்றும் இல்லை.

நேரம்: நாளைக்கு 30 நிமிடம், வாரம் ஐந்து நாள். அதற்கு மேல் வேண்டாம், டியூஷன் வேறு இருக்கிறது. சோதனையில் ஓட்டை தெரிந்தால் முதல் இரண்டு வாரம் அதற்கே. பின்பு இரண்டு வாரம் சதவீதக் கோடு. ஒரு வாரம் பெருக்கும் எண். இரண்டு வாரம் ஓரக் குறிப்போடு சமன்பாடு. அதனுடன் தினமும் இரண்டு மூன்று வாக்கியங்கள். மிச்ச நாள்களில் எல்லாவற்றையும் கலந்து போட வேண்டும். இதைத்தான் பலர் விட்டுவிடுகிறார்கள். பயிற்சிப் பகுதியில் பத்துக் கணக்கும் தள்ளுபடியாகவே இருந்தால் பிள்ளை யோசிக்காமலே போட்டுவிடும். பரீட்சையில் கலந்து வரும்போது கை நடுங்கும். பழைய வினாத்தாளிலிருந்து ஒரு தள்ளுபடி, ஒரு வட்டி, ஒரு சமன்பாடு, ஒரு வயதுக் கணக்கு என்று சீட்டு எழுதிக் குலுக்கிக் கொடுங்கள். கால்குலேட்டர் சரிபார்க்க மட்டும்.

டியூஷனை நிறுத்த வேண்டுமா என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனாலும் சொல்கிறேன்: இப்போது வேண்டாம். சூத்திரப் பட்டியலை ஒப்பிக்கும் வேலையிலிருந்து மட்டும் அவளுக்கு விலக்குக் கேளுங்கள். பள்ளித் தேர்வில் படிகளுக்கு மதிப்பெண் உண்டு; 960 = 80% என்று எழுதித் தொடங்கும் விடையை எந்த ஆசிரியரும் தள்ள மாட்டார். புதிதாக கைடு வாங்கிப் பணத்தைச் செலவழிக்கவும் வேண்டாம். பின்னமும் முழுக்களும் தடுமாறினால் ஆறாம், ஏழாம் வகுப்புக் கணக்குப் புத்தகங்கள் தமிழ்நாடு பாடநூல் கழகத்தின் இணையதளத்தில் பிடிஎஃப்பாக இலவசமாகவே கிடைக்கின்றன. ஏழாம் வகுப்பு மூன்றாம் பருவத்தில் சதவீதமும் தனி வட்டியும் பாடம் இருக்கிறது. எட்டாம் வகுப்பில் இவையே வரும் ‘வாழ்வியல் கணிதம்’ பாடத்துக்குள் போகும் முன் அதிலிருந்து தொடங்குங்கள்.